ரகசியமாகக் கூடியவர்களும் ரகசியத்தை எதிர்த்துக் கூடியவர்களும்

கல்லூரியில் படித்தபோது ஒரு வினாடி வினாவில் எங்கள் அணிக்கு எவர்சில்வர் டிபன் பாக்ஸ் பரிசாகக் கிடைத்தது. கடைசிக் கேள்விதான் எங்களைக் காப்பாற்றியது: அமெரிக்காவில் அதிபர் வேட்பாளரைத் தேர்ந்தெடுக்க முதன்முதலாகத் தேசிய மாநாடு கூட்டிய கட்சி எது? பொது அறிவுப் புத்தகத்தில் மனப்பாடம் பண்ணியிருந்ததை அப்படியே ஒப்பித்தேன். மேசன் எதிர்ப்புக் கட்சி (மேசன் என்பது ஒரு ரகசியச் சங்கம்), 1831, பால்டிமோர். கைதட்டல். அந்த டிபன் பாக்ஸ் இன்னும் வீட்டில் இருக்கிறது, அம்மா அதில் பெருங்காயம் போட்டு வைத்திருக்கிறார்.

போன மாதம் ஒரு பழைய ஆய்வுக் கட்டுரையைப் படித்ததிலிருந்து அந்த விடை மேல் சந்தேகம் வந்துவிட்டது. எழுதியவர் சாமுவேல் எலியட் மாரிசன். பிற்காலத்தில் கடல் வரலாறு எழுதிப் பெரிய பெயர் வாங்கி, இரண்டு முறை புலிட்சர் பரிசு பெற்ற அதே மாரிசன்தான். ஆனால் இந்தக் கட்டுரை 1912-இல் வந்தது, அப்போது அவருக்கு 25 வயது, ஹார்வர்டில் முனைவர் பட்டம் வாங்கிய வருடம். தேசிய அளவில் வேட்பாளரைத் தேர்ந்தெடுத்த முதல் மாநாடு 1831-இல் நடக்கவில்லை, 1808-இல் நியூயார்க் நகரில் நடந்தது, நடத்தியவர்கள் அன்றைய எதிர்க்கட்சியான பெடரலிஸ்ட் கட்சிக்காரர்கள் என்கிறார். அது வெளியே தெரியாமல் போனதற்குக் காரணம் எளிது. நடத்தியவர்களே அது வெளியே தெரியக் கூடாது என்று நினைத்தார்கள்.

இதில் எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம், அவர் ஆதாரம் எடுத்த இடம். அந்தக் கூட்டத்தை ஏற்பாடு செய்தவர்களில் முக்கியமானவர் பாஸ்டன்காரர் ஹாரிசன் கிரே ஓடிஸ். அவர் மாரிசனின் சொந்த மூதாதை. குடும்பத்தில் தங்கிவிட்ட கடிதங்களை வைத்துக்கொண்டு பையன் தாத்தாவின் தாத்தா காலத்துக் கதையைத் தோண்டியிருக்கிறார். அடுத்த வருடமே ஓடிஸின் வாழ்க்கை வரலாற்றை இரண்டு தொகுதிகளாக எழுதினார், அது போதாதென்று 1969-இல், எண்பது வயதைத் தாண்டிய பிறகு, அதே மனிதரைப் பற்றி மறுபடி ஒரு புத்தகம். குடும்பப் பாசம் கட்டுரையில் கொஞ்சம் எட்டிப்பார்க்கிறதா என்றால், பார்க்கத்தான் செய்கிறது. நம் வீட்டுப் பெரியவர்தான் முதலில் செய்தார் என்று சொல்ல யாருக்குத்தான் ஆசை இருக்காது.

சரி, 1808-இல் அப்படி என்ன அவசியம் வந்தது? அதற்கு அந்தக் காலத்தில் வேட்பாளர் எப்படி முடிவானார் என்று தெரிய வேண்டும். அமெரிக்க அரசியல் சட்டத்தில் கட்சி என்ற சொல்லே கிடையாது, வேட்பாளரை யார் நிறுத்துவது என்பது பற்றியும் ஒரு வரி இல்லை. ஒவ்வொரு மாநிலமும் தேர்வாளர்களை அனுப்பும், அந்தத் தேர்வாளர்கள் வாக்குப் போட்டு அதிபரைத் தேர்ந்தெடுப்பார்கள், அவ்வளவுதான். வாஷிங்டன் இருந்தவரை பிரச்சினை இல்லை. அவர் ஒதுங்கியதும் இரண்டு கட்சிகள் நின்றன, யாருக்கு வாக்களிப்பது என்று முன்கூட்டியே பேசி வைத்துக்கொள்ளாத கட்சி வாக்கைச் சிதறடித்துத் தோற்கும் என்பது எல்லோருக்கும் புரிந்துவிட்டது. பல மாநிலத்து ஆட்கள் ஏற்கெனவே ஒரே ஊரில் கூடியிருக்கும் இடம் எது? காங்கிரஸ். (நம் ஊர்க் கட்சி இல்லை, அவர்களுடைய நாடாளுமன்றம்.) ஆகவே ஒரு கட்சியின் செனட்டர்களும் பிரதிநிதிகள் சபை உறுப்பினர்களும் ஒரு மாலை நேரத்தில் கூடி, வாக்கெடுத்து, இவர்தான் நம் ஆள் என்று சொல்லிவிடுவார்கள். இதற்குப் பெயர் காக்கஸ். பின்னால் பிடிக்காதவர்கள் இதை 'ராஜா காக்கஸ்' என்று கேலி செய்தார்கள்.

இந்த ஏற்பாடு அன்றைய அதிபர் ஜெபர்சனின் குடியரசுக் கட்சிக்கு வசதியாக இருந்தது. (இன்றைய குடியரசுக் கட்சி வேறு, அது 1850-களில் பிறந்தது. பெயர்க் குழப்பத்துக்கு நான் பொறுப்பில்லை.) 1808 ஜனவரியில் வெர்மாண்ட் செனட்டர் ஸ்டீபன் பிராட்லி அச்சடித்த அழைப்பிதழ் அனுப்பிக் கூட்டம் போட்டார், ஜெபர்சனின் வெளியுறவு அமைச்சர் மேடிசனுக்கு 83 வாக்கு விழுந்தது, வேலை முடிந்தது. நீ யார் எங்களைக் கூப்பிட என்று சிலர் கோபித்துக்கொண்டதும் உண்டு, ஜான் ராண்டால்பும் கூட்டாளிகளும் கண்டன அறிக்கையே விட்டார்கள், ஆனால் ஒன்றும் ஆகவில்லை.

பெடரலிஸ்ட் கட்சியால் இதைச் செய்ய முடியாது. காரணம் கூச்சமோ கொள்கையோ கிடையாது, ஆள் இல்லை. 142 பேர் கொண்ட பிரதிநிதிகள் சபையில் அவர்களுக்கு ஏறக்குறைய 26 பேர்தான், செனட்டில் விரல் விட்டு எண்ணிவிடலாம். தெற்கிலும் மேற்கிலும் பல மாநிலங்களிலிருந்து ஒருவர்கூடக் கிடையாது. அந்தக் கைப்பிடிப் பேர் கூடி ஒரு பெயரைச் சொன்னால் யார் மதிப்பார்கள்? ஆனால் அதே வருடம் அவர்களுக்கு எதிர்பாராமல் உயிர் வந்தது. ஜெபர்சன் 1807 டிசம்பரில் வெளிநாட்டு வணிகத்தையே முடக்கும் தடைச் சட்டம் கொண்டுவந்தார். நியூ இங்கிலாந்து துறைமுகங்களில் கப்பல்கள் கட்டிப் போட்டபடியே நின்றன. மாலுமிக்கு வேலை இல்லை, வணிகருக்குச் சரக்கு இல்லை, கோபம் முழுக்க ஆளுங்கட்சி மேல் திரும்பியது. ஜெயிக்க வாய்ப்பிருக்கிறது, கூடிப் பேச இடமில்லை. அந்தக் கோடையில் பெடரலிஸ்டுகளின் நிலைமை இதுதான்.

ஜூன் மாதம் மாசசூசெட்ஸ் மாநிலச் சட்டமன்றத்தின் பெடரலிஸ்ட் உறுப்பினர்கள் ஒரு குழுவை அமைத்தார்கள். ஓடிஸ், ஜார்ஜ் கேபட், கிறிஸ்டோபர் கோர் போன்ற பாஸ்டன் பெரிய மனிதர்கள் அதில் இருந்தார்கள். மற்ற மாநிலங்களில் இருக்கும் நம் ஆட்களுக்குக் கடிதம் எழுதி, ஒரே ஊரில் கூடலாமா என்று கேட்பதுதான் திட்டம். பிலடெல்பியாவில் சார்ல்ஸ் வில்லிங் ஹேர் என்பவர் ஓடிஸுக்குப் பதில் எழுதுகிறார், இடம் நியூயார்க் என்று முடிவாகிறது. மாரிசனின் கட்டுரையில் இந்தக் கடிதப் போக்குவரத்துப் பகுதிதான் உயிரோட்டமானது. தபால் போய்ச் சேர நாள் கணக்கில் ஆகும் காலம், யாரை நம்பலாம் யாரிடம் சொல்லக் கூடாது என்று எடைபோட்டு எடைபோட்டு எழுதுகிறார்கள். கல்யாணத்துக்கு முன்னால் இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் தரகரும் பேசிக்கொள்வது போல இருக்கும்.

ஆகஸ்டில் கூடினார்கள். கேள்வி ஒன்றே ஒன்றுதான். சொந்த ஆளை நிறுத்துவதா, இல்லை எதிர்க்கட்சியில் கோபித்துக்கொண்டிருக்கும் ஜார்ஜ் கிளின்டனைத் தூக்கிப் பிடிப்பதா? கிளின்டன் அப்போது துணை அதிபர், காக்கஸ் தன்னை மறுபடியும் துணை அதிபராகவே நிறுத்தியதில் கடுப்பில் இருந்தவர், மேடிசனுக்கு எதிராக அதிபர் பதவிக்கு நிற்கவும் தயாராக இருந்தார். எதிரியின் வீட்டில் சண்டை நடக்கும்போது அதைப் பயன்படுத்திக்கொள்ளலாமே என்று ஒரு தரப்பு. கொள்கையை விற்று வாங்கும் வெற்றி வேண்டாம் என்று இன்னொரு தரப்பு. கடைசியில் சொந்த ஆட்களே என்று முடிவானது. தென் கரோலினாவின் சார்ல்ஸ் கோட்ஸ்வொர்த் பிங்க்னி அதிபருக்கு, நியூயார்க்கின் ரூபஸ் கிங் துணை அதிபருக்கு. 1804-இல் தோற்ற அதே ஜோடி. மாநாட்டை ரகசியமாகக் கூட்டி, மாதக்கணக்கில் கடிதம் எழுதி, கடைசியில் பழைய போஸ்டரையே ஒட்டியிருக்கிறார்கள். மேடிசனுக்கு 122 தேர்வாளர் வாக்கு, பிங்க்னிக்கு 47, கிளின்டனுக்கு 6. கிளின்டன் அதிபராகவில்லை, ஆனால் மேடிசனுக்குக் கீழே துணை அதிபராக மறுபடி ஜெயித்துவிட்டார் என்பதும் இந்தக் கதையில் ஒரு வேடிக்கை.

ஏன் ரகசியம்? நான் புரிந்துகொண்டது இது. பெடரலிஸ்டுகள் பல வருடங்களாக, தானாகக் கூடிக்கொண்டு மக்களின் பெயரில் பேசும் சங்கங்களைத் திட்டி வந்தவர்கள். 1794-இல் வாஷிங்டனே காங்கிரஸில் அப்படிப்பட்ட 'தாமே உருவாக்கிக்கொண்ட சங்கங்களை' கண்டித்துப் பேசினார். காக்கஸ் கூட்டத்தையும் சதி என்றே வர்ணித்து வந்தார்கள். இப்போது தாங்களே யாரும் கேட்காமல் கூடி ஒரு பெயரை முடிவு செய்தால், நாளைக்குப் பத்திரிகையில் கிழித்துவிடுவார்கள். அதனால் முடிவைக்கூட மாநாட்டின் தீர்மானம் என்று அறிவிக்காமல் அந்தந்த மாநிலக் குழுக்களுக்குக் காதோடு காதாகச் சொல்லி அனுப்பினார்கள்.

நான்கு வருடம் கழித்து, 1812 செப்டம்பரில், அதே நியூயார்க்கில் மறுபடி கூடினார்கள். இந்த முறை கூட்டம் பெரிது, 11 மாநிலங்களிலிருந்து சுமார் 70 பேர். பிரிட்டனோடு போர் தொடங்கியிருந்தது. கேள்வி கிட்டத்தட்ட அதே கேள்வி, கிளின்டன் மட்டும் வேறு, ஜார்ஜின் அண்ணன் மகன் டி விட் கிளின்டன். ரூபஸ் கிங்குக்கு அந்த மனிதரைக் கண்டாலே ஆகாது, எழுந்து கடுமையாக எதிர்த்தார். மூன்று நாள் இழுபறி. ஒன்றும் முடிவாகாமல் கலைந்துவிடும் நிலையில் ஓடிஸ் எழுந்தாராம், கையில் தொப்பி, கிளம்பப் போகிறவர் மாதிரி தயங்கித் தயங்கி ஆரம்பித்தவர் பேசப் பேசச் சூடாகி, கூட்டத்தையே தன் பக்கம் திருப்பிவிட்டார் என்று அங்கே இருந்த வில்லியம் சல்லிவன் பிற்காலத்தில் எழுதினார். அப்போதும் கிளின்டனை நிறுத்துகிறோம் என்று நேரடியாகச் சொல்லவில்லை, ஆட்சியை மாற்றக்கூடிய தேர்வாளர்களை ஆதரியுங்கள் என்ற மாதிரி சுற்றி வளைத்து ஒரு தீர்மானம். கிளின்டன் 89 வாக்கு வாங்கினார், மேடிசன் 128.

மாரிசனுக்குப் பதினாறு வருடம் முன்னால், 1896-இல், அவர் எழுதிய அதே ஆய்விதழில் ஜான் மர்டாக் என்பவர் இந்த 1812 கூட்டத்தைத்தான் முதல் தேசிய மாநாடு என்று எழுதியிருந்தார். ஆக 1831 என்பதை மர்டாக் 1812-க்கு இழுக்கிறார், மாரிசன் 1808-க்கு இழுக்கிறார். 'முதல்' என்ற சொல்லுக்கு வரலாற்றாசிரியர்களிடம் இருக்கும் மவுசைப் பார்க்கும்போது, நம் ஊர்த் தலபுராணங்கள் கோயிலின் வயதை யுகம் யுகமாகப் பின்னால் தள்ளுவதைக் குறை சொல்லத் தோன்றவில்லை.

ஆனால் எனக்கு ஒரு சங்கடம். 1808-இல் நியூயார்க் போனவர்களை யார் அனுப்பினார்கள்? மாசசூசெட்ஸ்காரர்களையாவது சட்டமன்ற உறுப்பினர்களின் குழு அனுப்பியது என்று சொல்லலாம். மற்ற பலர் தங்களைத் தாங்களே அனுப்பிக்கொண்டவர்கள், அல்லது ஊரில் நாலு பெரிய மனிதர்கள் ஒரு வீட்டில் உட்கார்ந்து நீ போய்விட்டு வா என்று சொன்னவர்கள். சாதாரண வாக்காளர் எந்த இடத்திலும் வரவில்லை. அதை மாநாடு என்பதா, தலைவர்களின் கலந்தாலோசனை என்பதா? மாரிசன் இந்தக் கேள்வியைத் தட்டிக்கழிக்கவில்லை, ஆனால் பல மாநிலங்களிலிருந்து ஆட்கள் வேட்பாளரைத் தேர்ந்தெடுப்பதற்கென்றே கூடினார்கள் என்பதே அவருக்குப் போதுமானதாக இருக்கிறது.

எனக்கு அது போதாது என்றே முதலில் பட்டது. ஏனென்றால் கீழேயிருந்து ஆள் அனுப்பும் பழக்கம் வேறு இடத்தில், அதாவது மாநிலங்களுக்குள்ளே, தனியாக வளர்ந்துகொண்டிருந்தது. பென்சில்வேனியாவில் 1788 செப்டம்பரிலேயே பல கவுன்டிகளின் (நம் மாவட்டம் மாதிரி) பிரதிநிதிகள் ஹாரிஸ்பர்க்கில் கூடியிருக்கிறார்கள், புதிய அரசியல் சட்டத்தைத் திருத்துவது பற்றிப் பேச வந்தவர்கள். டெலவேர் இன்னும் சுவாரசியம். மொத்தமே மூன்று கவுன்டிதான், எந்த மூலையிலிருந்து கிளம்பினாலும் டோவருக்கு ஒரு நாளில் போய்விடலாம், அதனால் 1800-களின் தொடக்கத்திலேயே அங்கே மாநில அளவில் பிரதிநிதிகள் கூடி வேட்பாளரை முடிவு செய்யும் வழக்கம் இருந்தது. நியூ ஜெர்சியிலும் அப்படித்தான். கொள்கை, தத்துவம் எல்லாம் பேசுவார்கள், எனக்கு என்னவோ குதிரை வண்டி எவ்வளவு தூரம் போகும் என்பதுதான் பாதி விஷயத்தைத் தீர்மானித்தது என்று தோன்றுகிறது. பெரிய மாநிலங்களில் பயணம் கஷ்டம், அதனால் ஏற்கெனவே தலைநகரில் இருக்கும் சட்டமன்ற உறுப்பினர்களே கவர்னர் வேட்பாளரை முடிவு செய்தார்கள்.

அதில் ஒரு ஓட்டை இருந்தது. உங்கள் தொகுதியில் எதிர்க்கட்சி ஆள் ஜெயித்துவிட்டார் என்று வையுங்கள். அப்போது உங்கள் கட்சியின் கூட்டத்தில் உங்கள் ஊருக்குக் குரலே இல்லை. அந்த ஊரிலும் கட்சிக்காரர்கள் இருக்கிறார்கள், வேலை செய்கிறார்கள், வாக்குப் போடுகிறார்கள். இதற்கு அவர்கள் கண்டுபிடித்த ஒட்டுப்போடும் வேலைதான் கலப்புக் கூட்டம். நம் கட்சி ஜெயித்த தொகுதிக்கு அதன் சட்டமன்ற உறுப்பினர் வருவார், தோற்ற தொகுதிக்கு அங்குள்ள கட்சிக்காரர்கள் ஒரு ஆளைத் தனியாகத் தேர்ந்தெடுத்து அனுப்புவார்கள். இப்படிப் பாதி உறுப்பினர், பாதி பிரதிநிதி என்று கலந்து உட்கார்ந்த பிறகு, எல்லோரும் ஏன் தேர்ந்தெடுக்கப்பட்ட பிரதிநிதியாகவே இருக்கக் கூடாது என்று கேள்வி வரத்தானே செய்யும். 1817 வாக்கில் பென்சில்வேனியா இந்தப் பாதையில் நன்றாகப் போய்விட்டது. 1824 செப்டம்பரில் நியூயார்க் மாநிலத்தின் யூட்டிகா நகரில் கூடிய மாநாடு டி விட் கிளின்டனைக் கவர்னருக்கு நிறுத்தி ஜெயிக்கவும் வைத்தது. ஆமாம், 1812-இல் தோற்ற அதே கிளின்டன்.

இந்தக் கலப்புக் கூட்டத்தைத்தான் நான் உண்மையான பாலம் என்பேன். இதற்கு ஆண்டு சொல்லி டிபன் பாக்ஸ் தர முடியாது என்பதால்தானோ என்னவோ யாரும் பெரிதாகப் பேசுவதில்லை.

மேலே, தேசிய அளவில், காக்கஸின் கதை 1824-இல் முடிந்தது. அதற்கு முன்பே, 1816 காக்கஸ் வாக்கெடுப்பில் மன்றோ வெறும் 65-க்கு 54 என்றுதான் வில்லியம் கிராபோர்டைத் தாண்டினார், விரிசல் தெரிந்துவிட்டது. பெடரலிஸ்ட் கட்சி தேய்ந்து போன பிறகு ஒரே கட்சிதான் மிச்சம், காக்கஸில் ஜெயித்தவர் அதிபர் என்றே அர்த்தம். இருபது சொச்சம் மாநிலங்களின் அதிபரை வாஷிங்டனில் ஒரு மாலைக் கூட்டம் முடிவு செய்வதா என்று டென்னசி சட்டமன்றம் முதல் பல இடங்களில் எதிர்ப்பு. 1824 பிப்ரவரி 14 அன்று கடைசி காக்கஸ் கூடியபோது, காங்கிரஸின் 261 உறுப்பினர்களில் வந்தவர்கள் 66 பேர். கிராபோர்டுக்கு 64 வாக்கு, வராத சிலர் சொல்லி அனுப்பியதையும் சேர்த்து. முந்தைய வருடம் அவருக்குப் பக்கவாதம் வந்து நடமாடவே சிரமப்பட்டுக்கொண்டிருந்தார் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அதற்கு மூன்று வாரத்துக்குள் ஹாரிஸ்பர்க்கில் கூடிய பென்சில்வேனியா மாநில மாநாடு டென்னசியின் தளபதி ஆண்ட்ரூ ஜாக்சனை நிறுத்தியது. தேர்தலில் ஜாக்சன் 99, ஆடம்ஸ் 84, கிராபோர்டு 41, கிளே 37. யாருக்கும் பெரும்பான்மை இல்லாமல் பிரதிநிதிகள் சபைக்குப் போய், ஆடம்ஸ் அதிபரானது தனிக் கதை.

அந்தக் கடைசி காக்கஸை முன்னின்று நடத்தியவர் யார் தெரியுமா? நியூயார்க் செனட்டர் மார்ட்டின் வான் பியூரன். கப்பல் மூழ்கியது என்று தெரிந்ததும் அடுத்த கப்பலைப் பார்க்கிற ஆள். 1827 ஜனவரியில் ரிச்மண்ட் பத்திரிகையாளர் தாமஸ் ரிச்சிக்கு ஒரு கடிதம் எழுதுகிறார்: காக்கஸை விட்டுவிட்டு ஒரு தேசிய மாநாடு கூட்டினால் தெற்கத்திப் பண்ணைக்காரர்களையும் வடக்கத்திச் சாதாரணக் குடியரசுக் கட்சிக்காரர்களையும் ஜாக்சன் பின்னால் ஒன்று சேர்க்கலாம் என்று. ஓடிஸின் கடிதத்தோடு இதை வைத்துப் பாருங்கள். பத்தொன்பது வருட இடைவெளியில் இரண்டு பேரும் ஒரே சிக்கலுக்கு ஒரே மருந்தைத்தான் எழுதுகிறார்கள்: காங்கிரஸ் வழியாகப் போக முடியாதவன் வேறு வாசல் தேடுகிறான். 1828-இல் அந்த மாநாடு நடக்கவில்லை, தேவைப்படவும் இல்லை. மாநிலங்கள் தனித்தனியாகவே ஜாக்சனை நிறுத்தி ஜெயிக்க வைத்துவிட்டன.

இப்போது என் டிபன் பாக்ஸ் கட்சிக்கு வருகிறேன். 1826 செப்டம்பரில் நியூயார்க் மாநிலத்தின் மேற்கே படேவியா என்ற சிற்றூரில் வில்லியம் மார்கன் என்ற கொத்தனார் மேசன் சங்கத்தின் ரகசியங்களைப் புத்தகமாகப் போடப் போகிறேன் என்று கிளம்பினார். ஒரு சில்லறைக் கடனைச் சாக்காக வைத்து அவரைக் கனன்டைகுவா சிறையில் போட்டார்கள், சிறையிலிருந்து யாரோ கூட்டிப் போனார்கள், நயாகரா கோட்டை வரை தடயம் இருக்கிறது, அதற்கப்புறம் ஆளே இல்லை. விசாரணை சரியாக நகரவில்லை. நீதிபதி, ஷெரிப், ஜூரி எல்லா இடத்திலும் மேசன்கள் இருக்கிறார்கள் என்ற கோபம் ஊர் ஊராகப் பரவி ஒரு கட்சியாகவே ஆனது. ஜாக்சன் மேசன், எதிரில் நிற்கப் போகும் கிளேயும் மேசன், இருவரும் தங்கள் மாநிலத்தில் அந்தச் சங்கத்தின் தலைமைப் பதவியே வகித்தவர்கள். அப்படியென்றால் மூன்றாவதாக ஒருவரை நிறுத்தியாக வேண்டும். காங்கிரஸில் இவர்களுக்கும் ஆள் சொற்பம், காக்கஸ் என்ற பேச்சுக்கே இடமில்லை.

மார்கன் காணாமல் போன நாளையொட்டி 1830 செப்டம்பர் 11 அன்று பிலடெல்பியாவில் கூடினார்கள். வேட்பாளரை அப்போது முடிவு செய்யவில்லை, அடுத்த வருடம் பால்டிமோரில் கூடுவோம், ஒவ்வொரு மாநிலமும் காங்கிரஸில் தனக்கு எத்தனை உறுப்பினரோ அத்தனை பிரதிநிதிகளை அனுப்பலாம் என்று விதி செய்தார்கள். விதி என்று ஒன்று எழுதப்பட்டது என்பதே பெரிய விஷயம், 1808-இல் அப்படி எதுவும் கிடையாது. 1831 செப்டம்பர் 26, பால்டிமோர், 13 மாநிலங்கள், நூற்றுக்கும் மேற்பட்ட பிரதிநிதிகள். கதவு திறந்திருந்தது. உடல்நலம் சரியில்லாமல் பிலடெல்பியாவுக்குச் சிகிச்சைக்குப் போகும் வழியில் தலைமை நீதிபதி ஜான் மார்ஷலே வந்து உட்கார்ந்து பார்த்துவிட்டுப் போனார். ரகசியச் சங்கத்தை ஒழிப்பதற்காகவே பிறந்த கட்சி, எல்லாவற்றையும் வெளிச்சத்தில் செய்தாக வேண்டிய கட்டாயம் அவர்களுக்கு.

இங்கேதான் சிரிப்பு வருகிறது. அவர்கள் நினைத்திருந்த ஆட்கள் ஒவ்வொருவராகக் கழன்றுகொண்டார்கள், உச்ச நீதிமன்ற நீதிபதி ஜான் மக்லீன் கடைசி நேரத்தில் கைவிரித்துவிட்டார். அவசரமாக வில்லியம் வர்ட்டைப் பிடித்தார்கள், பன்னிரண்டு வருடம் அட்டர்னி ஜெனரலாக இருந்தவர், பால்டிமோரிலேயே வசித்தவர். அவர் சம்மதக் கடிதத்தில் என்ன எழுதினார் என்றால், நானே இளவயதில் மேசன் சங்கத்தில் சேர்ந்தவன்தான், அந்தச் சங்கத்தை அவ்வளவு தப்பாக நான் நினைத்ததில்லை, வேண்டுமானால் இப்போதுகூட வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று. மேசன் எதிர்ப்புக் கட்சியின் அதிபர் வேட்பாளர் ஒரு பழைய மேசன்! மாற்றவில்லை, அவரையே நிறுத்தினார்கள். வெர்மாண்ட்டின் 7 தேர்வாளர் வாக்கு கிடைத்தது, வேறு எதுவும் இல்லை.

ஆனால் அவர்களின் பழக்கம் தொற்றிக்கொண்டது. அதே வருடம் டிசம்பரில் அதே பால்டிமோரில் ஜாக்சனை எதிர்த்த தேசியக் குடியரசுக் கட்சி கூடி கிளேயை நிறுத்தியது. 1832 மே மாதம் ஜாக்சனின் ஆட்கள் அங்கேயே கூடினார்கள். இவர்கள் ஜாக்சனை வேட்பாளராகத் தேர்ந்தெடுக்கவே இல்லை, மாநிலங்கள் ஏற்கெனவே செய்ததை ஆமோதிக்கிறோம் என்று மட்டும் சொன்னார்கள். வந்த வேலை துணை அதிபர். வான் பியூரனை லண்டன் தூதராக அனுப்பியதைச் செனட் ஜனவரியில் நிராகரித்திருந்தது, துணை அதிபர் கால்ஹவுனின் ஒற்றை வாக்கில். அதற்குப் பழிவாங்குவது மாதிரி அவரையே துணை அதிபராக்க ஜாக்சன் முடிவு செய்துவிட்டார். 283-இல் 208 வாக்கு. கடைசி காக்கஸை நடத்தியவர் கட்சியின் முதல் மாநாட்டில் பலன் அடைகிறார். மூன்றில் இரண்டு பங்கு வாக்கு வேண்டும் என்ற விதியையும் அங்கேதான் போட்டார்கள், எல்லோரும் ஒருமனதாக இருப்பது போல் காட்டுவதற்காக. அந்த விதி 1936 வரை இருந்தது. 1844-இல் முதல் சுற்றில் 266-க்கு 146 வாங்கியும் வான் பியூரனுக்கே அது பத்தவில்லை, ஒன்பதாவது சுற்றில் போல்க் தட்டிக்கொண்டு போனார்.

ஏன் எல்லாம் பால்டிமோரிலேயே என்று கேட்டால், வாஷிங்டனுக்குப் பக்கம், துறைமுகம், வடக்குக்கும் தெற்குக்கும் நடுவில், நல்ல விடுதிகள். ஜனநாயகக் கட்சி 1832 முதல் 1852 வரை ஆறு மாநாடுகளையும் அந்த ஊரில்தான் நடத்தியது.

அனுப்பப்பட்ட பிரதிநிதி இருந்தால்தான் மாநாடு, அதனால் 1808 கணக்கில் வராது என்று நான் முடிவு கட்டி வைத்திருந்தேன். அதைக் கலைத்தது 1835. மறுபடி பால்டிமோர், மறுபடி ஜனநாயகக் கட்சி, இந்த முறை வான் பியூரனே அதிபர் வேட்பாளர். 600-க்கு மேல் ஆட்கள் வந்தார்கள், அதில் மேரிலாந்துக்காரர்கள் மட்டும் 180 பேர் வாக்கில், உள்ளூர் என்பதால் வந்து குவிந்துவிட்டார்கள். டென்னசியிலிருந்து ஒருவரும் வரவில்லை, ஏனென்றால் அந்த மாநிலம் வான் பியூரனுக்கு எதிராக நின்ற தன் ஊர்க்காரர் ஹியூ லாசன் வைட்டின் பக்கம் போய்விட்டது. ஜாக்சனின் சொந்த மாநிலத்தின் இருக்கை காலியாக இருந்தால் அசிங்கம். தேடியதில் எட்வர்ட் ரக்கர் என்ற டென்னசிக்காரர் வேறு வேலையாக ஊரில் இருக்கிறார் என்று தெரிந்தது. கூட்டி வந்து உட்கார வைத்தார்கள். யாரும் அனுப்பாத அந்த ஒரு மனிதர் டென்னசியின் 15 வாக்குகளையும் போட்டார்.

சடங்குக்குத்தானே என்று விடவும் முடியாது. துணை அதிபர் பதவிக்கு ரிச்சர்ட் ஜான்சனுக்கு 178, வர்ஜீனியாவின் வில்லியம் ரைவ்ஸுக்கு 87. மொத்தம் 265, மூன்றில் இரண்டு பங்கு என்றால் 177 வேண்டும். ரக்கரின் 15-ஐக் கழித்துப் பாருங்கள், 250-க்கு 163, அப்போது வேண்டியது 167. வர்ஜீனியாக்காரர்கள் ஜான்சனின் பெயரைக் கேட்டு உஸ் உஸ் என்று கத்தினார்கள், ஒன்றும் பலிக்கவில்லை. எதிர்க்கட்சிப் பத்திரிகைகள் 'ரக்கரைஸ்' என்று ஒரு புது வினைச்சொல்லையே உண்டாக்கிவிட்டன. ஓடிஸையாவது பாஸ்டனில் ஒரு குழு உட்கார்ந்து அனுப்பி வைத்தது.